திலகவதிக்கு நிதித்துறை

“திலகவதியை என்ன செய்யறதுன்னு தெரியலைம்மா. நல்ல இடம் கொடுத்தா என் தலைமேல ஏறுவா. கொடுக்கலைன்னா சாயங்காலத்துக்குள்ள கட்சி உடையும்.”

எதிர்க்கட்சித் தலைவர் இளவழுதி இப்படிப் புலம்பியபோது பூங்கோதை அம்மா கீரை ஆய்ந்துகொண்டிருந்தார்.

அவர் முன்னாள் சபாநாயகர். இளவழுதியைவிட இளையவர்தான். ஆனாலும் கழுத்துக்குக் கத்தி வந்தால் இளவழுதி ஓடி வருவது இவரிடம்தான்.

அந்த நாட்டில் ஒவ்வொரு அமைச்சருக்கும் எதிரே, அவரைக் கேள்வி கேட்கவென்றே எதிர்க்கட்சியில் ஒருவர் உட்காருவார். நிழல் அமைச்சரவை என்று பெயர். அதில் யாருக்கு எந்தத் துறை என்று பிரிப்பது இளவழுதியின் வேலை. கார் கிடையாது, பங்களா கிடையாது. அடிதடிக்கு மட்டும் குறைவில்லை.

“அவங்க என்ன கேக்கறாங்க?”

“சட்டத்துறை. வக்கீலாச்சே.”

“நீங்க?”

இளவழுதி குரலைத் தாழ்த்தினார். “நிதி கொடுக்கப்போறேன்.”

“அவங்களுக்குக் கணக்கு வருமா?”

“சுத்தமா வராது.” வந்ததிலிருந்து அப்போதுதான் சிரித்தார். “அடுத்த வாரம் பட்ஜெட். நிதியமைச்சர் அவளைக் கிழிச்சுத் தொங்கவிட்டுருவாரு. அதுக்கப்புறம் என் நாற்காலிப் பக்கம் தலைவச்சும் படுக்கமாட்டா.”

“பொருளாதாரம் படிச்ச நல்லசிவம்?”

“அவருக்கு விளையாட்டுத் துறை.”

அம்மா கீரையைத் தள்ளி வைத்துவிட்டு எழுந்து நின்றார்.

“இன்னிக்குத்தான் பட்ஜெட்னு வச்சுக்கங்க. நான்தான் நிதியமைச்சர். பருப்பு விலை ஏன் ஏறுச்சுன்னு திலகவதி கேட்டாங்க. ‘உறுப்பினருக்குக் கூட்டல் கழித்தலே தெரியலை’ன்னு சொன்னேன். என் பக்கம் மொத்தமும் சிரிச்சுது. அவங்க உட்கார்ந்துட்டாங்க.”

இளவழுதி திருப்தியாகத் தலையாட்டினார்.

“இப்ப நான் சபாநாயகர். எதிர்க்கட்சித் தலைவர் பேசலாம்.”

“நானா?”

“நீங்கதான். எழுந்திருங்க.”

எழுந்தார். தொண்டையைச் செருமினார்.

“பருப்பு விலை...”

அதற்கு மேல் வரவில்லை. ஒரு மாதமாகத் திலகவதியைப் பற்றியே யோசித்த மனிதர், பருப்பைப் பற்றி ஒரு நாளும் யோசிக்கவில்லை.

அம்மா காத்திருந்தார். கண்ணை எடுக்கவில்லை.

இளவழுதிக்கு இந்த வயதில் இப்படி நிற்பது வெட்கமாக இருந்தது. நாற்காலியின் கையைப் பிடித்துக்கொண்டு மெல்ல உட்காரப் போனார்.

“உட்காராதீங்க,” என்றார் அம்மா. “விலை இன்னும் இறங்கலை.”