விரலில் ஒட்டிய ஒளி

படிகபுரியில் தானே ஒளிரும் கண்ணாடி உண்டு. குடிகளின் வரியில் கோயிலுக்காக வார்த்த பத்தொன்பது கட்டிகள் காணாமல் போயின. அரண்மனைக் கண்காணி வச்சிரநாதர், உலைக்காரி மருக்கொழுந்தை அரசவைக்கு இழுத்து வந்தார்.

“கள்ளனைக் காட்டுடி, இல்லையென்றால் உன் கை போகும்!”

“கதவையெல்லாம் சாத்தச் சொல்லுங்க சாமி. அந்தக் கண்ணாடியத் தொட்டா தூள் ஒட்டிக்கும், கழுவினாலும் போகாது, இருட்டுல மினுங்கும். எங்க கை உலையில வேகுற கை, மினுங்கத்தான் செய்யும். உலைப்பக்கமே வராதவங்க கையைப் பாப்போம்.”

கதவுகளைச் சாத்தினார்கள். கண்காணியின் பத்து விரலும் மினுங்கின. சபை சிரித்தது. சிம்மாசனத்தின் மேலும் பத்து விரல்கள் மினுங்கியதும் சிரிப்பு அடங்கியது.

“கதவைத் திற!” என்று கத்தினான் அரசன்.

மருக்கொழுந்தின் கை தப்பியது. கோயில் இருட்டாகவே கிடந்தது. மறுநாள் அரசனுக்கு, கண்காணிக்கு, மந்திரிகள் பத்துப் பேருக்கு என்று பன்னிரண்டு ஜோடி பட்டுக் கையுறைகள் அரண்மனையில் வந்து இறங்கின.