சின்ன ர

பரஞ்சோதி உலக நாடுகளைக் கரைத்துக் குடித்தவர். நாட்டைச் சொன்னால் தலைநகரம் சொல்வார். தலைநகரத்தைச் சொன்னால் அதன் பழைய பெயர், யார் பிடித்தார்கள், யார் விட்டார்கள், எந்த வருஷம் என்று அடுக்குவார். ஒன்றுமே சொல்லாமல் நீங்கள் பாட்டுக்கு உட்கார்ந்திருந்தாலும் அடுக்குவார். போட்டித் தேர்வு எழுதுகிறவர்களுக்கு முப்பது வருஷம் பொது அறிவு நடத்திய வாத்தியார், பாவம், வாய் சும்மா இருக்காது.

அறுபத்திரண்டு வயதில் அவர் சொர்ணவல்லி அம்மாவிடம் சீடராகப் போய்ச் சேர்ந்தார். அம்மாவுக்கு நாற்பத்தைந்துதான். கொள்ளிடக் கரையில் ஓட்டு வீடு. முன்பு அச்சகத்தில் பிழை திருத்துகிறவராக இருந்தார். ஞானம் எப்போது வந்தது என்று யாரும் கேட்டதில்லை, அவரும் சொன்னதில்லை. இப்போதும் யாராவது அச்சுத் தாள்களைக் கொண்டுவந்து நீட்டினால் திருத்திக் கொடுப்பார்.

பத்து நாள் பரஞ்சோதி மௌனமாக இருந்தார் என்று சொல்ல எனக்கும் ஆசைதான். இருக்கவில்லை. கொள்ளிடம் எங்கே பிரிகிறது, எங்கே கடலில் சேருகிறது, எதிர்க்கரை ஊரில் எத்தனை வீடு, எல்லாம் சொன்னார். அம்மா கேட்டுக்கொண்டார்.

பதினோராம் நாள் காலை அம்மா ஒரு தாளைத் திருத்திக்கொண்டிருந்தார். வேறு யாரோ சிவப்பு மையில் அடித்திருந்த ஒரு சொல்லுக்குக் கீழே மூன்று புள்ளி வைத்தார்.

"இது என்னம்மா புள்ளி?"

"சரியா இருந்த சொல்லை யாரோ தப்புன்னு அடிச்சுட்டாங்க. கீழே புள்ளி வெச்சா, திருத்தினது செல்லாது, முன்னே இருந்தபடியே இருக்கட்டும்னு அர்த்தம். அச்சகத்து வழக்கம்யா."

பரஞ்சோதி குனிந்து அந்த மூன்று புள்ளியையும் உற்றுப் பார்த்தார்.

"அம்மா, ஒண்ணு கேக்கணும். நூத்துத் தொண்ணூத்தஞ்சு நாடும் எனக்கு அத்துப்படி. என் ஒரே பொண்ணு வளர்மதி என்னோட ஏன் பேச மாட்டேங்குறான்னு மட்டும் தெரியலை. நாலு மாசமாச்சு. போன் பண்ணினா எடுக்கிறதில்லை. அவ அம்மாவும் காலமாயிட்டா, எனக்கு இவளை விட்டா யாரு? கண்ணைக் கட்டிக் காட்டுல விட்ட மாதிரி இருக்கும்மா."

"பொண்ணு எங்கே இருக்கு?"

"எஸ்தோனியா. தலைநகரம் தாலின். பழைய பேரு ரேவல். பதினெட்டுல சுதந்திரம், நாற்பதுல போச்சு, தொண்ணூத்தொண்ணுல திரும்பி வந்துச்சு."

"அவ வீட்டு ஜன்னலைத் திறந்தா என்னய்யா தெரியும்?"

"வடக்கே பின்லாந்து வளைகுடா. அதைத் தாண்டினா எண்பது கிலோமீட்டர்ல ஹெல்சிங்கி."

"ஜன்னல்லேருந்து ஹெல்சிங்கி தெரியுமா?"

"அது தெரியாது."

"அப்ப என்ன தெரியும்?"

பரஞ்சோதி நெற்றியைத் தேய்த்துக்கொண்டார். "கேட்டதில்லையேம்மா."

"கடைசியா எப்ப பேசினா?"

"ஜனவரியில. அவளாத்தான் கூப்பிட்டா. 'அப்பா, இங்கே ரொம்பக் குளிருதுப்பா'ன்னா."

"நீங்க என்ன சொன்னீங்க?"

"இதெல்லாம் ஒரு குளிரா, ஆயிரத்துத் தொள்ளாயிரத்து நாற்பதுல உங்க நாட்டுலயே யோகெவாங்கிற ஊர்ல மைனஸ் நாற்பத்து மூணரை வரைக்கும் போயிருக்குன்னேன்."

"அப்புறம்?"

"நெப்போலியன் படை ரஷ்யக் குளிர்ல மாட்டிக்கிட்டதைச் சொன்னேன்."

"அவ என்ன சொன்னா?"

"சத்தமே இல்லை. வெச்சுட்டா. சிக்னல் போயிடுச்சுன்னு நெனச்சேன்."

அம்மா பேனாவை மூடி வைத்தார்.

"அங்கே வருஷா வருஷம் குளிருமாய்யா?"

"குளிராம? பால்டிக் கடற்கரையாச்சே."

"அவ போய் எத்தனை வருஷம்?"

"அஞ்சு."

"இதுக்கு முன்னே குளிருதுன்னு சொல்லியிருக்காளா?"

"இல்லை. இதான் முதல் தடவை."

"இந்தத் தடவை எதுக்குச் சொன்னா?"

பரஞ்சோதி விரல் விட்டு எண்ணத் தொடங்கினார்.

"உடம்பு சரியில்லையோ? ஏதாவது சண்டையோ? தெரியலையேம்மா." மனுஷர் அப்படியே குழம்பிப் போய்ப் பையைத் துழாவி ஒரு கடிதத்தை எடுத்தார். "ஆனா அவளுக்கு என் மேல கோபம் இல்லை. அதாம்மா பெரிய குழப்பமே. போன மாசம் வந்துச்சு, பாருங்க. என்னைப் புகழ்ந்துதான் எழுதியிருக்கா."

அம்மா வாங்கிப் படித்தார். நாலே வரி.

'அப்பா, யோசித்துப் பார்த்தேன். சின்ன வயதிலிருந்தே உங்களுக்கு எப்போதும் அக்கரைதான். இது எனக்குப் புரிய இவ்வளவு நாள் ஆகியிருக்கிறது. கொஞ்ச காலம் போன் செய்ய வேண்டாம்.'

இரண்டாவது வரியில் ஒரு எழுத்தைச் சுற்றிச் சிவப்பு வட்டம். மேலே சிவப்பில் இன்னொரு எழுத்து.

"வட்டம் யார் போட்டது?"

"நான்தான். பிழையைப் பார்த்தா கை நிக்காது. அக்கறைன்னா பெரிய ற. அதுதான் பாசம், கரிசனம். இவ சின்ன ர போட்டிருக்கா. அப்படிப் போட்டா ஆத்துக்கு அந்தப் பக்கம், கடலுக்கு அந்தப் பக்கம்னு ஆயிடும்." பரஞ்சோதிக்கு இப்போதுதான் குரலில் கொஞ்சம் தெம்பு வந்தது. "எட்டு வயசுல இதே தப்பைத்தான் பண்ணினா. விடலையே நான். நூறு தடவை எழுத வெச்சேன். அழுதுக்கிட்டே எழுதினா."

"அதுக்கப்புறம் தப்பா எழுதினாளா?"

"எங்கே எழுதுவா? பள்ளிக்கூடத்துலயே தமிழ்ல முதல் மார்க். கல்லூரியிலேருந்து எத்தனை கடிதம் போட்டிருக்கா, ஒரு ர, ற மாறினதில்லை. இருபத்தஞ்சு வருஷத்துல ஒரு தடவைகூட..."

அதோடு நின்றுவிட்டார்.

அம்மா பேனாவைத் திறந்தார். சிவப்பு வட்டத்துக்குள் இருந்த சின்ன ர-வுக்குக் கீழே ஒன்று, இரண்டு, மூன்று என்று புள்ளி வைத்தார். கடிதத்தை அவரிடமே கொடுத்தார்.

"இருந்தபடியே படிங்கய்யா."

வாய்விட்டுப் படித்தால் இரண்டு எழுத்தும் ஏறக்குறைய ஒன்றுபோலத்தான் கேட்கும். பரஞ்சோதி மனதுக்குள் படித்தார். ஒரு முறை படித்துவிட்டு, திரும்பவும் முதல் வரியிலிருந்து படித்தார். பிறகு அம்மாவின் பேனாவை வாங்கி, மேலே தான் எழுதியிருந்த சிவப்பு எழுத்தை அடித்தார்.

அன்று முழுக்க அவர் எந்த நாட்டையும் பற்றிப் பேசவில்லை.