பண்ணையாரு மீசையும் கெளுத்தி மீசையும்

கண்மாயவிடப் பெரிய மீச வெச்சிருந்தாரு பண்ணையாரு மாசிலாமணி. அதுக்கு எண்ணெய் தடவவே தனியா ஒரு ஆளு! மூக்காயி கண்மாயில தூண்டி போட்டுப் பொழைக்கிறது அவருக்குப் பொறுக்கல. ஊரக் கூட்டிட்டாரு.

"ஏய் மூக்காயி, நான் வெத்தல போட்டுத் துப்புறதுக்குள்ள ஒரு கெளுத்தி மீனப் புடிச்சுக் காட்டு. இல்லன்னா இனிமே இந்தக் கரையில கால் வெக்கக் கூடாது!"

மூக்காயி தண்ணிய எட்டிப் பாத்தா. உச்சி வெயிலு, கண்ணாடி மாதிரி தண்ணி. கெளுத்தியெல்லாம் அடிச் சேத்துல பதுங்கிக் கெடக்குமே! சட்டுனு கையக் கூப்பினா.

"சரிங்க சாமி. தண்ணிய மட்டும் கலக்கிராதீங்க. அப்புறம் மீனுக்கு எரை எப்புடித் தெரியும்?"

பண்ணையாரு விடுவாரா? "எறக்குடா எருமைய!"ன்னாரு. நாலு எருமை எறங்கி ஒழப்புன ஒழப்புல தண்ணி பருப்புக் கொழம்பாயிருச்சு. சிரிச்சுக்கிட்டே வெத்தலய வாயில அதக்குனாரு.

மூக்காயி நாத்தம் புடிச்ச கோழிக்கொடலத் தூண்டி முள்ளுல குத்தி அடிமட்டத்துல போட்டா. பண்ணையாரு நாலு மெல்லு மெல்லல, சுண்டி இழுத்தா பாருங்க, மொழங்கை நீளக் கெளுத்தி!

"எப்புடிடீ?" வெத்தலயெல்லாம் வேட்டியில செதறிருச்சு.

"கெளுத்திக்கு மீசதான் சாமி நாக்கு. அதாலயே ருசி பாத்து எரையக் கண்டுபுடிச்சிரும், கண்ணே வேணாம். தண்ணி கலங்குனாத்தான் தைரியமா வெளிய வரும். நல்லவேள எருமைய எறக்குனீங்க!"

பண்ணையாரு கை தன்னால மீசைக்குப் போச்சு.

"உங்களுது அப்புடி இல்லீங்க சாமி. அது எண்ணெய் மட்டுந்தான் குடிக்கும்."

ஊரே உருண்டு சிரிச்சுது. மூக்காயிக்கு அப்பத்தான் மூச்சே வந்துச்சு. நாளைக்கும் இதே கரைதான்!