தும்பிக்கை இல்லாத யானை

மலைச்சாலை ஒன்று குறுக்கே போகும் ஒரு காட்டில் முள்ளம்பன்றி ஒன்று வாழ்ந்தது. சாலையோரம் காரை நிறுத்திச் சாப்பிடுபவர்கள் வீசும் பிளாஸ்டிக் பைகளும் சிப்ஸ் உறைகளும் காற்றில் பறந்து வந்து அதன் முட்களில் குத்திக்கொள்ளும். அவற்றைப் பிடுங்கிப் போடுவதிலேயே அதன் பாதி நாள் போய்விடும்.

ஒருநாள் புள்ளிமான் உப்பு வாசனைக்கு ஆசைப்பட்டு ஒரு பையை விழுங்கிவிட்டது. மூன்று நாள் எழுந்திருக்க முடியாமல் கிடந்து, நான்காம் நாள் கக்கித்தான் பிழைத்தது. அப்போதும் மற்ற விலங்குகள் உறைகளை நக்குவதை விடவில்லை. எடுத்துச் சொன்னால் கேட்பாரும் இல்லை.

முள்ளம்பன்றி யோசித்தது. தன் முட்களில் சேர்ந்த குப்பையைக் கொண்டே ஒரு மானைச் செய்தது. கால்களுக்குத் தண்ணீர் பாட்டில்கள், புள்ளிகளுக்கு வெள்ளை மூடிகள். வயிற்றை மட்டும் உள்ளே தெரியும் தாளால் மூடி, அதற்குள் ஒரு கறுப்புப் பையைச் சுருட்டி வைத்தது. பிறகு அதைச் சாலை வளைவில் நிறுத்தியது.

காட்டெருமை அந்த வயிற்றைப் பார்த்துவிட்டு, தன் வாயிலிருந்த உறையை மெல்லத் துப்பியது. அதன்பின் யாரும் உறையை நக்கவில்லை. சாலையில் போன மனிதர்கள்கூட இறங்கி நின்று பார்த்தார்கள். குப்பையைக் கீழே போடாமல் காரிலேயே வைத்துக்கொண்டார்கள்.

முள்ளம்பன்றியை அதுவரை யாரும் பாராட்டியதில்லை. இப்போது காடே பாராட்டியது. அந்தப் பாராட்டு ருசியாகவும் இருந்தது.

அடுத்து ஒரு யானையைச் செய்யலாம் என்று சொன்னது குரங்கு. உயரத்தில் ஒட்டவேண்டியதைத் தானே ஏறி ஒட்டுவதாகவும் சொன்னது. வேலை காதுவரை வந்ததும் குப்பை தீர்ந்துபோனது. சந்தோஷப்பட வேண்டிய விஷயம்தான். முள்ளம்பன்றிக்கோ வருத்தமாக இருந்தது.

மறுநாள் குரங்கு பளபளக்கும் புது உறைகளை அள்ளிக்கொண்டு வந்தது. எங்கே கிடைத்தன என்று கேட்க முள்ளம்பன்றிக்குத் தோன்றியது. ஆனால் கேட்கவில்லை. நிறம் அவ்வளவு அழகாக இருந்தது.

இரண்டு நாள் கழித்துப் புள்ளிமான் பதறி ஓடிவந்தது. அதன் குட்டி சாலையோரம் மூச்சுத் திணறி நின்றது. முள்ளம்பன்றி விரைந்து போய், குட்டியின் வாயில் தெரிந்த உறையின் நுனியைப் பல்லால் கவ்வி, மெதுவாக இழுத்து எடுத்தது. குட்டி இருமிவிட்டுத் தாயிடம் ஒண்டிக்கொண்டது.

உறையில் காரப்பொடி புதிதாக ஒட்டியிருந்தது. சுற்றிலும் சிப்ஸ் சிதறிக் கிடந்தது. மேலே, மரக்கிளையில் உட்கார்ந்து, மனிதர்களிடம் பறித்த பாக்கெட்டைக் கிழித்துக் கொட்டிக்கொண்டிருந்தது குரங்கு.

"தும்பிக்கைக்கு இன்னும் நான்கு உறை போதும், அண்ணே" என்றது.

தன் முட்களெல்லாம் உள்பக்கம் திரும்பிக் குத்துவதுபோல் இருந்தது முள்ளம்பன்றிக்கு. குரங்கைத் திட்ட வாயெடுத்தது. கேட்காமல் இருந்தது தான்தானே என்று அடங்கிப்போனது.

"போதும், இறங்கி வா. யானை தும்பிக்கை இல்லாமலே நிற்கட்டும்."

யானை அப்படியே நின்றது. பெரிய பன்றி என்று சொல்லிச் சிலர் சிரித்தார்கள். ஒருநாள் நிஜ யானையே வந்து, தன் சிலைக்குத் தும்பிக்கை எப்போது வரும் என்று கேட்டது.

"குப்பை கிடைத்தால் வைக்கிறேன்" என்றது முள்ளம்பன்றி. "தினமும் தேடுகிறேன். இந்த மாதம் ஒன்றுகூட அகப்படவில்லை."

நீதி: நல்ல காரியம் செய்பவர், காரியத்தை மறந்து பாராட்டைத் துரத்தக் கூடாது.