தலை நூறு, கால் இருநூற்று அறுபது

ஆற்றூர் மன்னர் மல்லழகருக்கு அந்தக் கோடையில் ஒரே ஒரு கவலைதான். ஆறு இங்கே ஓடியது, அணை பக்கத்து நாட்டில் இருந்தது. அந்த நாட்டு அரசர் கொற்றவேலர் மனது வைத்தால்தான் தண்ணீர்.

கொற்றவேலருக்குக் கணக்குப் பைத்தியம். கோபம் அதைவிடப் பெரிது. விருந்துக்குப் போன இடத்தில் சோறு குறைந்தால், “எங்களைப் பிச்சைக்காரர்கள் என்று நினைத்தீர்களா?” என்று எழுந்துவிடுவார். மிஞ்சினால், “பெருந்தீனிக்காரர்கள் என்று நினைத்தீர்களா?” என்று எழுந்துவிடுவார். எழுந்துவிடுவதில் அவருக்கு அப்படி ஒரு பிரியம்.

அவரிடமிருந்து ஓலை வந்தது. “தண்ணீர் விஷயம் பேச நாளை மதியம் வருகிறேன். என்னையும் சேர்த்து, ஆளும் குதிரையுமாகத் தலை நூறு, கால் இருநூற்று அறுபது. ஆளுக்கு ஓர் இலை, குதிரைக்கு ஒரு புல்லுக்கட்டு. கூடவும் வேண்டாம், குறையவும் வேண்டாம்.”

மன்னர் ஆஸ்தானக் கணக்குப் புலவர் பூதலிங்கனாரை அழைத்தார். ‘கணிதக் கடல்’ என்று பட்டம் வாங்கியவர். கடல்தான், ஒரு வாய் குடிக்க உதவாது. அரை நாள் கணக்குப் போட்டு, ஏழு ஓலைகளைக் கிறுக்கித் தீர்த்துவிட்டு நிமிர்ந்தார்.

“ஆள் முப்பது, குதிரை எழுபது!”

மடைப்பள்ளியைக் கவனித்துவந்த பிச்சியம்மையை மன்னர் வரவழைத்தார். “முப்பது இலை போடம்மா” என்றார்.

ஓலையைப் படித்துப் பார்த்த பிச்சியம்மை நகரவில்லை.

“மகாராஜா, எழுபது குதிரைக்கு மட்டுமே கால் இருநூற்று எண்பது ஆகிறதே. ஓலையில் இருநூற்று அறுபதுதான் இருக்கிறது. மீதி இருபது காலைக் குதிரைகள் லாயத்தில் கழற்றி வைத்துவிட்டு வருகின்றனவா? ஆட்கள் எல்லாம் உருண்டு வருகிறார்களா?”

பூதலிங்கனார் சீறினார். “அடுப்பூதுகிறவளுக்குக் கணிதத்தின் ஆழம் என்ன தெரியும்?”

“தெரியாதுங்க ஐயா. அதனால்தான் மூழ்காமல் இருக்கிறேன்.”

“சரி, நீயே சொல்” என்றார் மன்னர்.

“எல்லாக் குதிரையும் முன்னங்கால் இரண்டையும் தூக்கிக்கொண்டு நிற்கட்டும், மகாராஜா. இப்போது தலைக்கு இரண்டு கால் தரையில். நூறு தலைக்கு இருநூறு. மீதி அறுபது கால் அந்தரத்தில் ஆடுகிறது. அத்தனையும் குதிரைக் கால். ஒரு குதிரைக்கு இரண்டு என்றால் குதிரை முப்பது. மிச்சம் எழுபதும் ஆள்.”

“குதிரை இரண்டு காலில் நிற்குமா?” என்று எகிறினார் பூதலிங்கனார்.

“சொந்தக் காலில் நிற்காதவர்களுக்கே இந்தச் சபையில் ஆசனம் போட்டிருக்கிறது. குதிரை ஒரு நிமிஷம் இரண்டு காலில் நிற்கக் கூடாதா, ஐயா?”

சபை வாயைப் பொத்திக்கொண்டது. மன்னர் மட்டும் சிரிக்கவில்லை.

“எழுபது இலையே போடு. ஆனால் பிசகினால் ஊருக்குத் தண்ணீர் இல்லை. உனக்கு இங்கே வேலையும் இல்லை.”

வாய் அத்தனை பேசிய பிச்சியம்மை, மறுநாள் இலை போட்டு முடித்ததும் எண்ண ஆரம்பித்தாள். மூன்று தடவை எண்ணினாள். மூன்று தடவையும் எழுபதுதான். ஆனாலும் நாலாவது தடவை எண்ணத் தொடங்கினாள்.

உச்சிவேளையில் புழுதி பறக்க வந்து சேர்ந்தார்கள். கடைசிக் குதிரை கடைசிப் புல்லுக்கட்டில் வாய் வைத்தது. கடைசி ஆள் கடைசி இலையில் உட்கார்ந்தான். கொற்றவேலர் பந்தியை இரண்டு முறை எண்ணினார். எழுந்துபோக ஒரு காரணமும் அகப்படவில்லை. பாவம், சாப்பிட்டே தீரவேண்டியதாயிற்று. பாயசம் இரண்டாம் முறை வந்தபோது அணையைத் திறக்கச் சம்மதித்துவிட்டார்.

மல்லழகர் அங்கேயே தன் முத்துமாலையைக் கழற்றிப் பிச்சியம்மையிடம் கொடுத்தார். உடனே தொண்டையைச் செருமிக்கொண்டு வந்து நின்றார் பூதலிங்கனார்.

“மகாராஜா, முப்பது, எழுபது. இரண்டு எண்ணும் நேற்று நான் முதலில் சொன்னவைதான். ஆள் இருக்க வேண்டிய இடத்தில் குதிரை வந்துவிட்டது, அவ்வளவுதானே. பரிசில் பாதி என்னைச் சேர வேண்டாமா?”

மன்னர் பிச்சியம்மையைப் பார்த்தார்.

“நியாயம்தான், மகாராஜா” என்றாள் அவள். “ஐயா இன்னும் சாப்பிடவில்லை. முதலில் பசியாறட்டும். ஆளும் குதிரையும் இடம் மாறினால் அவருக்கு ஒன்றுமில்லையாம். இலையில் புல்லே பரிமாறிவிடட்டுமா?”