சர்க்கரை மரம் வரும் வழி

சுல்தானின் தங்கை என்றால் கொடுத்துவைத்தவள் என்று இஸ்தான்புல் முழுக்கச் சொல்லும். அதைக் கேட்டாலே நிகாருக்குப் பற்றிக்கொண்டு வரும். மூன்று தடவை அவளைக் கட்டிக்கொடுத்தாயிற்று. முதல் பாஷா போரில் செத்தார். இரண்டாமவரின் கழுத்தை நெரிக்கச் சொன்னதே அவள் அண்ணன்தான். மூன்றாமவர் கல்யாணத்தன்றே இருமிக்கொண்டு வந்தார், இருமியே போய்ச்சேர்ந்தார். இப்போது நான்காவதாக ஒருவர்.

கொட்டுகிற மழையில் அவள் தன் குரு ஷேக் நூரியின் தைக்காவுக்கு, அந்தச் சூஃபி மடத்துக்கு, வந்துவிட்டாள். ஷேக் அவளைவிட வயதில் மூத்தவர். அவள் மனம்விட்டுக் கத்துவதற்கு ஊரில் அவர் ஒருவர்தான் இருந்தார்.

"எல்லையில் பெரும்படை வைத்திருக்கிறாராம் இந்தப் பாஷா. திமிறாமல் இருக்க என்னைக் கட்டிவைக்கிறார்கள். நான் என்ன மூக்கணாங்கயிறா?"

கூரை ஒழுகி அவள் தோளில் ஒரு சொட்டு விழுந்தது. தள்ளி உட்கார்ந்தாள்.

"அவருக்கு மனைவி இருக்கிறாள், பிள்ளைகள் இருக்கிறார்கள். அரச குடும்பத்துப் பெண்ணைக் கட்டுகிறவர் பழைய மனைவியைத் தலாக் சொல்லி அனுப்பிவிட வேண்டுமாம். அந்தப் பாவமும் என் தலையில்! நாளைக்குச் சம்மதம் கேட்கக் காஜி வருகிறார். மறுநாள் ஊர்வலம். பொறுத்துக்கொள்ள எனக்கு ஒரு வழி சொல்லுங்கள்."

அங்கேயும் சொட்டியது. ஷேக் எழுந்துபோய் ஒரு செம்புக் கிண்ணத்தைக் கொண்டுவந்து அவள் பக்கத்தில் வைத்தார்.

"இந்த ஒழுகலை அடைக்கவே மாட்டீர்களா?"

"மூன்று தடவை அடைத்தோம்."

"அப்புறம்?"

"ஒவ்வொரு தடவையும் உங்கள் கல்யாணம் வந்தது."

அரச குடும்பத்துக் கல்யாணத்தில் சர்க்கரையாலும் மெழுகாலும் செய்த மரங்களை ஊர்வலமாகக் கொண்டுபோவார்கள். மாடி உயரம் இருக்கும். தெரு குறுகலாக இருந்தால் வீடுகளின் கூரை ஓரத்தை இடித்து வழி செய்வார்கள்; தைக்காவின் கூரையும் அப்படித்தான் இடிபட்டது. மூடிய வண்டிக்குள் இருந்தவளுக்கு மரத்தைப் பற்றித் தெரியும், கூரையைப் பற்றித் தெரியாது.

"கேட்காமலா இடித்தார்கள்?"

"கேட்டார்கள். ஒவ்வொரு முறையும் ஒரு சிப்பாய் வாசலில் நின்று, 'இடிக்கலாமா?' என்றான்."

"நீங்கள் என்ன சொன்னீர்கள்?"

"ஒன்றும் சொல்லவில்லை. சரி என்று எடுத்துக்கொண்டான்."

அவளுக்கு இருந்த கொஞ்சப் பொறுமையும் போய்விட்டது. "வாயில் அல்வாவையா அடைத்துவைத்திருந்தீர்கள்? வேண்டாம் என்று ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாமே!"

"சுல்தானின் ஆளிடமா?"

"யாருடைய ஆளானால் என்ன? கேட்டான் இல்லையா? பதில் சொல்ல வேண்டாமா?"

ஷேக் அவளைப் பார்த்தார். "உங்களிடம் எப்படிக் கேட்டார்கள்?"

"முதல் தடவை நான் சிறுமி. திரைக்கு அந்தப் பக்கத்திலிருந்து காஜி கேட்டார். பேசாமல் இருந்தேன். கன்னிப்பெண் பேசாமல் இருந்தாலே சம்மதம் என்றார்கள்."

"இரண்டாம் தடவை?"

நிகார் கிண்ணத்தில் சொட்டுவதைப் பார்த்தாள். விதவை தன் வாயால் சொன்னால்தான் சம்மதம். காஜி காத்துக்கொண்டிருந்தார். அவள் வாயைத் திறக்கவில்லை. பக்கத்தில் நின்ற தாதிதான் அவளுக்குப் பதிலாகச் 'சம்மதம்' என்றாள். மூன்றாம் தடவையும் தாதியேதான்.

"தாதி சொன்னாள்" என்றாள் மெதுவாக. "யார் குரல் என்று காஜி கேட்கவில்லை."

"நீங்களும் சொல்லவில்லை."

"வேண்டாம் என்று சொன்னால் பழைய அரண்மனையில் போட்டுப் பூட்டிவிடுவார்கள். சாகும்வரை வெளியே வர முடியாது. அது தெரியுமா உங்களுக்கு?"

"தெரியும்."

"தெரிந்துமா இப்படி உட்கார்ந்திருக்கிறீர்கள்!"

அவள் எழுந்துவிட்டாள். இந்த மனிதரிடம் ஆறுதல் தேடி வந்த தன்னைத்தான் சொல்ல வேண்டும். ஷேக் நிறைந்த கிண்ணத்தை எடுத்து ஜன்னல் வழியே கொட்டிவிட்டு, திரும்ப அதே இடத்தில் வைத்தார்.

வாசல்வரை போனவள் எரிச்சலோடு திரும்பினாள்.

"இந்தத் தடவையும் சிப்பாய் வந்து கேட்பான். என்ன சொல்லப்போகிறீர்கள்?"

"என்னிடம் வருவதற்கு முன்னால் உங்களிடம்தான் வருகிறார்கள், இளவரசி" என்றார் ஷேக்.