மீதிப் பதினேழு

“இந்த விரல்லயும் எடுக்கல அண்ணாச்சி,” என்றாள் நர்ஸ் ஹெப்சிபா.

ஆக்சிஜன் அளவு பார்க்கும் கிளிப்பை முதலில் ஆள்காட்டி விரலில் மாட்டியிருந்தாள். பிறகு நடுவிரல். இப்போது மோதிர விரல். திரையில் கோடு நடுங்கியதே தவிர எண் வரவில்லை.

“அந்தக் கை?”

“அதைத்தான் முதல்ல பார்த்தேன். ரெண்டு கையும் ஐஸா இருக்கு.”

“ஏசி ஜாஸ்தி. போர்வைக்குள்ள வைங்க. கிளிப்பைக் காதுல மாட்டுங்க,” என்றார் டாக்டர் தனுஷ்கோடி.

காதில் தொண்ணூற்றேழு வந்தது. அதைக் குறித்துக்கொண்டு இருவரும் நகர்ந்தார்கள். அன்று புதன்கிழமை.

படுக்கையில் கிடந்தவர் இசக்கிமுத்து. வயது முப்பத்தெட்டு. லாரிப் பட்டறையில் வயரிங் வேலை. சிறுநீரகத்தில் தொற்றிய கிருமி ரத்தத்தில் பரவி, ரத்தக்குழாய்கள் தளர்ந்து, அழுத்தம் விழுந்த நிலையில் திங்கட்கிழமை கொண்டுவந்திருந்தார்கள். நினைவில்லை. தொண்டையில் குழாய். கண்ணாடிக் கதவுக்கு வெளியே அவர் மனைவி உலகம்மாள் நின்றுகொண்டே இருந்தாள். யார் வெளியே வந்தாலும் ஒன்றுதான் சொன்னாள்: “உசுரு மட்டும் இருந்தாப் போதும்.”

அழுத்தத்தை ஏற்றும் முதல் மருந்தை எவ்வளவு கொடுத்தும் போதவில்லை. செவ்வாய்க்கிழமை டாக்டர் பெனசீர் குளிர்பெட்டியிலிருந்து வாசோப்ரெசின் என்ற இரண்டாவது மருந்தை எடுத்துவரச் சொன்னார்.

பெனசீர் அந்தத் தீவிர சிகிச்சைப் பிரிவின் தலைவர். நாற்பத்தொரு வயது. தனுஷ்கோடிக்கு ஐம்பத்திரண்டு. அருப்புக்கோட்டையில் இருபத்திரண்டு வருடம் சொந்தமாக ஆஸ்பத்திரி நடத்தியவர். அதை ஒரு வருடம் பூட்டிவிட்டு இந்த வேலையைப் படிக்க வந்திருந்தார். அவர் பெனசீரை மேடம் என்பார், பெனசீர் அவரை சார் என்பார். மற்றவர்களுக்கு அவர் அண்ணாச்சி.

“இது நம்ம உடம்பே சுரக்கிறதுதான் சார்,” என்றார் பெனசீர், பம்பில் சிரிஞ்சைப் பொருத்தியபடி. “இந்த மாதிரி ஷாக்ல கையிருப்பு சீக்கிரம் தீர்ந்துடும். தீர்ந்ததை நாம கொஞ்ச நேரம் ஊத்துறோம்.”

“எது வரைக்கும் மேடம்?”

“சராசரி அழுத்தம் அறுபத்தஞ்சு. அதுக்கு மேல நின்னா மெல்லக் குறைக்க ஆரம்பிங்க. இது ரத்தக்குழாயை இறுக்குற மருந்து. எந்தக் குழாயை இறுக்கணும், எதை விடணும்னு அதுக்குத் தெரியாது.”

வெள்ளைப் பலகையில் 65 என்று எழுதி வட்டம் போட்டார்.

புதன் காலை எண்பத்திரண்டு இருந்தது.

“எண்பத்திரண்டு அண்ணாச்சி!” என்றாள் ஹெப்சிபா. “இந்த வயசுல எனக்கே அவ்வளவு இருக்குமான்னு தெரியல. எப்ப டீ வாங்கித் தாரீங்க?”

தனுஷ்கோடி சிரித்தார். இரண்டு நாளில் அது முதல் சிரிப்பு. அன்று பகலில் இரண்டு முறை அவர் கை பம்பு வரை போனது. இரண்டு முறையும் திரும்பி வந்தது. பல வருடம் முன்பு, அருப்புக்கோட்டையில், ஒரு பள்ளிக்கூட வாத்தியாருக்கு மருந்தைக் குறைத்துவிட்டுச் சாப்பிடப் போனார். ரசம் ஊற்றும்போது கூப்பிட்டார்கள்; ஓடிப்போவதற்குள் உயிர் போயிருந்தது. அதன்பிறகு எந்த பம்பிலும் எண்ணைக் கீழே இறக்குவது அவருக்குக் கஷ்டமாகிவிட்டது.

வியாழன் காலை பெனசீர் படுக்கையருகே நின்றார்.

“கிளிப் ஏன் காதுல இருக்கு?”

“விரல்ல எடுக்கல மேடம்.”

“எப்போலேருந்து?”

தனுஷ்கோடி சொன்னார். பெனசீர் போர்வையை விலக்கினார். விரல் நுனிகள் நாவல்பழம் தின்ற நாக்குபோல இருந்தன.

பெனசீர் தன் கையாலேயே வாசோப்ரெசினைப் பாதியாக்கினார். மத்தியானம் நிறுத்தினார். எழுபத்தொன்று, அறுபத்தெட்டு, அறுபத்தேழு. அங்கேயே நின்றது. சாயங்காலமும் அறுபத்தேழு. ஊற்றாமலே நின்றது.

தனுஷ்கோடி அந்த எண்ணைப் பார்த்துக்கொண்டு வெகுநேரம் நின்றார்.

இசக்கிமுத்து பிழைத்துக்கொண்டார். குழாயை எடுத்தார்கள், வார்டுக்கு மாற்றினார்கள். விரல்களுக்கு மூன்று வாரம் பொறுத்துப் பார்த்தார்கள். சில விரல்கள் சிவந்து திரும்பின. வலது கையில் மூன்றும் இடது கையில் இரண்டும் திரும்பவில்லை. திங்கட்கிழமை எடுத்துவிடுவதாக முடிவாயிற்று.

தனுஷ்கோடியைப் பார்க்கும்போதெல்லாம் உலகம்மாள் எழுந்து நின்று கும்பிட்டாள். ஒருநாள் வாழைத்தார் கொண்டுவந்தாள். “எங்க ஊர்ல எல்லாருகிட்டயும் சொல்லிட்டேன் சார். அந்த டாக்டர் ரெண்டு நாளா வீட்டுக்கே போகல, உக்காந்து பாத்துக்கிட்டாருன்னு.”

அதற்குப் பிறகு அவர் அந்த வார்டு வழியாகப் போவதை விட்டார். சுற்றிக்கொண்டு மாடிப்படியில் இறங்கினார்.

சனிக்கிழமை மத்தியானம் பெனசீரின் அறைக்குப் போனார். பெனசீர் டப்பாவைத் திறந்து சாப்பிட்டுக்கொண்டிருந்தார்.

“உக்காருங்க சார். சாப்பிட்டீங்களா?”

“ஒண்ணு கேக்கணும் மேடம்.”

“கேளுங்க.”

“விரல் கறுத்தது மருந்தாலயா, கிருமியாலயா?”

“தெரியாது. கிருமியே கறுக்க வைக்கும். மருந்தும் வைக்கும். பிரிச்சுச் சொல்ல யாராலயும் முடியாது.”

தனுஷ்கோடியின் முகம் கொஞ்சம் தளர்ந்தது. பெனசீர் கையைக் கழுவிவிட்டு வந்து, அலமாரியிலிருந்து ஒரு ஃபைலை எடுத்து அவர் முன்னால் வைத்தார். இசக்கிமுத்துவின் மணிவாரிக் குறிப்பு.

“புதன்கிழமையைப் படிங்க. வாய்விட்டு.”

“எதுக்கு மேடம்?”

“படிங்க.”

“ஆறு மணி, எண்பது. ஏழு, எண்பத்திரண்டு. எட்டு, எண்பத்திரண்டு. ஒன்பது, எண்பத்தொண்ணு…”

மறுநாள் காலை வரை படித்தார். எல்லாம் அவர் கையெழுத்து. எங்கும் எண்பதுக்குக் கீழே இல்லை.

“அறுபத்தஞ்சு அவருக்கு வேண்டியிருந்தது,” என்றார் பெனசீர். “மீதிப் பதினேழு யாருக்கு?”

தனுஷ்கோடி எண்பத்திரண்டின் மேல் விரலை வைத்தார்.

“எனக்கு.”

பெனசீர் ஃபைலைத் தன் பக்கம் திருப்பினார். காலை ஒன்பதுக்கும் மத்தியானம் மூன்றுக்கும் எதிரே பச்சை மையில் இரண்டு சிறிய டிக்குகள் இருந்தன.

“இது யார் போட்டது?”

“நீங்க.”

“ரவுண்ட்ஸ்ல எட்டிப் பார்த்தேன். எண்பத்திரண்டு. நல்லதுன்னு டிக் போட்டுட்டு அடுத்த பெட்டுக்குப் போயிட்டேன். போர்வையைத் தொடல. எனக்கும் அதுல பங்கு இருக்கு சார்.”

வெளியே தள்ளுவண்டி ஒன்று கிறீச்சிட்டுக்கொண்டு போனது.

“அந்தப் பொண்ணு என்னைக் கும்பிடுது மேடம்,” என்றார் தனுஷ்கோடி. “திங்கட்கிழமைக்குள்ள அவங்ககிட்ட ஏதாவது சொல்லணும். சில பேருக்கு இந்த மருந்தால இப்படி ஆகும்னு சொன்னா, அது பொய்யா?”

“இல்ல. உண்மைதான்.”

“அப்ப அதைச் சொன்னாப் போதாதா?”

“அதைச் சொல்ல நீங்க எதுக்கு சார்? மருந்து டப்பாக்குள்ள மடிச்சு வச்சிருக்கிற தாள்லயே அது இருக்கு.”

அவர் தலை குனிந்தார். “கேஸ் போட்டா?” என்றார்.

“போடலாம். அவங்களுக்கு உரிமை இருக்கு.”

“நீங்களும் வருவீங்களா?”

“பச்சை மை என்னோடதுதானே. வாங்க.”

வார்டில் இசக்கிமுத்து தலையணையில் சாய்ந்து உட்கார்ந்திருந்தார். இரண்டு கையும் மணிக்கட்டு வரை துணிக்கட்டு. உலகம்மாள் வழக்கம்போல எழுந்து கும்பிட்டாள். தனுஷ்கோடி திரையை இழுத்துவிட்டு ஸ்டூலில் உட்கார்ந்தார். பெனசீர் கால்மாட்டில் நின்றார்.

“வாங்க சார், வாங்க,” என்றார் இசக்கிமுத்து. “ஆளையே காணுமே. பட்டறைக்கு எப்ப போலாம்னு இந்தச் சின்ன டாக்டர்கள்ட்ட கேட்டா ஒருத்தரும் வாயத் தொறக்க மாட்டேங்காங்க. மிச்ச விரலை வச்சு வயரு முறுக்கிருவேன் சார். நெளிவு சுளிவு தெரிஞ்சாப் போதும்.”

“முத்து, நான் ஒண்ணு சொல்லணும்.”

“சொல்லுங்க.”

“உங்களுக்கு பிரஷர் அறுபத்தஞ்சு இருந்தாப் போதும். நான் எண்பதுக்கு மேலயே வச்சிருந்தேன். ஒரு நாள் முழுக்க. மருந்தைக் குறைச்சிருக்கணும். அறுபத்தஞ்சுன்னு போர்டுலயே எழுதியிருந்தது. நான் குறைக்கல.”

“ஏன்?”

“பயமா இருந்தது.”

“நான் செத்துருவேன்னா?”

“ஆமா.”

இசக்கிமுத்து தன் கைகளைப் பார்த்தார்.

“கொறைச்சிருந்தா விரல் இருந்திருக்குமா?”

“தெரியாது. இருந்திருக்கலாம். கை ஜில்லுனு இருக்குன்னு நர்ஸ் சொன்னாங்க. நான் போர்வையை விலக்கிப் பார்க்கல.”

உலகம்மாள் பெனசீரிடம் திரும்பினாள். “நீங்க பெரிய டாக்டரம்மால்லா? இவரு சொல்லுதது நெசமா?”

“நெசந்தாம்மா. நானும் ரெண்டு தடவை வந்து நின்னேன். நானும் பார்க்கல.”

அவள் தனுஷ்கோடியை மேலும் கீழும் பார்த்தாள்.

“இதை ஏன் சார் எங்ககிட்ட சொல்லுதீங்க? தெரியாமலே இருந்திருப்போம்லா. ஒரு நல்ல மனுசரைக் கடவுளாப் பாத்து அனுப்பி வச்சாருன்னு நெனச்சுக்கிட்டே வீட்டுக்குப் போயிருப்போம்லா.”

அவள் முந்தானையை வாயில் வைத்துக்கொண்டு திரையை விலக்கி வெளியே போனாள். செருப்புச் சத்தம் படிக்கட்டு வரை கேட்டது.

இசக்கிமுத்து முகத்தைச் சன்னல் பக்கம் வைத்துக்கொண்டார்.

தனுஷ்கோடி எழுந்தார். சற்று நின்றார். பிறகு அவரும் திரைக்கு வெளியே வந்தார். பெனசீர் பின்னால் வந்தார்.

“சொல்லாமலே இருந்திருக்கலாம்,” என்றார் தனுஷ்கோடி. “அந்தப் பொண்ணு கேட்டது சரிதான். சொன்னதுல அவருக்கு என்ன கிடைச்சது மேடம்? விரலும் போச்சு, நம்பிக்கையும் போச்சு. எனக்குத்தான் பாரம் இறங்கிச்சு. இதுவும் எனக்காகத்தான் செஞ்சேனோ?”

பெனசீர் அவரைப் பார்த்தார்.

“அதை அவர்தான் சார் சொல்லணும். அவர் இன்னும் வாயே திறக்கல. நீங்க ஏன் வெளியே வந்தீங்க?”

தனுஷ்கோடி அங்கேயே நின்றார். பிறகு திரையை விலக்கி உள்ளே போனார்.

ஸ்டூலில் உட்கார்ந்தார். இசக்கிமுத்து திரும்பவில்லை. பக்கத்துப் படுக்கையில் யாரோ இருமினார்கள். சன்னலுக்கு வெளியே தண்ணீர் லாரி வந்து நின்று, குழாய் மாட்டி, நிரப்பிவிட்டுப் போயிற்று.

இசக்கிமுத்து மூக்கைச் சுளித்தார். துணிக்கட்டுப் போட்ட கையைத் தூக்கினார், வலித்து இறக்கினார். தலையைச் சாய்த்து மூக்கைத் தோளில் தேய்க்கப் பார்த்தார். எட்டவில்லை.

தனுஷ்கோடி குனிந்து, நகத்தால் அவர் மூக்கைச் சொறிந்துவிட்டார்.